1,155 ஆட்டங்களுக்குப் பிறகு

பிட்ஸ்பர்க்

அன்புள்ள சேது,

உன் கடிதம் கிடைத்தது. இங்கு அனைவரும் நலம். என் முழங்கால் மட்டும் தன் விருப்பப்படி நடந்துகொள்கிறது. காவேரியின் வளைகாப்புக்கு வராததற்கு அவளிடமே நேரில் திட்டு வாங்கிக்கொள்கிறேன், நீ நடுவில் புகுந்து சமாதானம் பேச வேண்டாம். கீப்பர் ஓய்வு பெற்றுவிட்டதாக எழுதியிருந்தாய். பணியில் இருந்த காலத்திலும் அவன் ஓய்வில்தான் இருந்தான் என்பதால், அவனுக்குப் பெரிய மாற்றம் ஒன்றும் தெரியப் போவதில்லை.

இனி உன் மகன் விஷயம். இருபத்தெட்டு வயதாகியும் சென்னையில் இரண்டாம் டிவிஷன் லீக்கிலேயே ஆடிக்கொண்டிருக்கிறான், ரஞ்சி அணியின் வலைப்பயிற்சிக்குக்கூட யாரும் கூப்பிடவில்லை, இன்னும் எத்தனை வருடம் இப்படி மட்டைப் பையைத் தூக்கிக்கொண்டு அலைவான் என்று மூன்று பக்கத்துக்குப் புலம்பிவிட்டு, கடைசி வரியில் என் அபிப்பிராயத்தைக் கேட்டிருக்கிறாய். அபிப்பிராயம் சொல்வதற்கு முன் உனக்கு ஒருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். பேஸ்பால் என்றதும் கடிதத்தை மடித்து வைத்துவிடாதே. கிட்டிப்புள்ளின் பணக்கார அண்ணன் என்று நீ அதைக் கேலி செய்தது நினைவிருக்கிறது. அந்தக் கேலியை இன்று ஒரு நாள் தள்ளிவைத்துவிட்டுப் படி.

அவர் பெயர் ட்ரூ மேகி. நூடுல்ஸ் பற்றி உன் வாயில் வந்துவிட்டதை விழுங்கிவிடு. 1989-இல் பிறந்து, அரிசோனா ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் ஷார்ட்ஸ்டாப்பாக, அதாவது உள்வட்டத்தில் களம் காப்பவராக, ஆடியவர். அணிகள் முறைவைத்து இளம் ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், 2010-ஆம் ஆண்டு பதினைந்தாவது சுற்றில், வெங்கடாசலபதி கோயிலுக்காக மட்டுமே நீ நினைவில் வைத்திருக்கும் இந்த ஊரின் பைரேட்ஸ் அணி அவரை எடுத்தது. பதினைந்தாவது சுற்று என்றால், அவருக்கு முன்பாக நானூறுக்கும் மேற்பட்ட பெயர்கள் வாசிக்கப்பட்டுவிட்டன என்று பொருள். எடுத்தவுடன் உச்ச நிலையான மேஜர் லீக்கில் ஆடிவிட முடியாது. முப்பது மேஜர் லீக் அணிகளுக்கும் கீழே மைனர் லீக் எனப்படும் துணை அணிகள் உண்டு, கீழிருந்து மேலாகப் படிப்படியாக: சிங்கிள் ஏ, ஹை ஏ, டபுள் ஏ, ட்ரிபிள் ஏ. சிறு ஊர்கள், நெடிய பேருந்துப் பயணங்கள், நாள் தவறாத ஆட்டம். பெரும்பாலோர் இரண்டு மூன்று வருடங்களில் கழன்றுகொள்வார்கள், அல்லது கழற்றிவிடப்படுவார்கள். மேகி கழன்றுகொள்ளவில்லை. பைரேட்ஸ் விட்டதும் ஏஞ்சல்ஸ், பிறகு டாட்ஜர்ஸ், கிளீவ்லாந்து, மினசோட்டா ட்வின்ஸ், ஃபிலடெல்பியா, மறுபடியும் பைரேட்ஸ் என்று ஆறு நிறுவனங்களின் துணை அணிகளில் ஆடினார். மேஜர் லீக் மைதானத்தில் ஒரு பந்தைக்கூடச் சந்திக்காமல் அவர் ஆடிய மைனர் லீக் ஆட்டங்கள் 1,155.

அந்த எண்ணை இன்னொரு முறை படி. உன் மகன் ஒரு பருவத்தில் எத்தனை ஆட்டம் ஆடுவான் என்று கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு மேலே வா.

இதில் எனக்கு மிகவும் உறைத்தது 2021-இல் நடந்தது. அந்த வருடம் செப்டம்பரில் ட்வின்ஸ் அணி அவரை மேஜர் லீக் பட்டியலில் சேர்த்தது. சீருடை தந்தார்கள், அணியினரோடு உட்கார வைத்தார்கள். ஆட்டங்கள் முடிந்தன; ஒரு பந்துக்கும் அவரை அனுப்பவில்லை; திரும்பக் கீழே இறக்கிவிட்டார்கள். பேஸ்பாலில் இத்தகையவர்களைப் பேய் ஆட்டக்காரர் என்பார்கள்: பட்டியலில் பெயர் இருக்கும், ஏட்டில் ஆட்டம் இருக்காது. அப்போது அவருக்கு வயது 32. நானாக இருந்தால் அங்கிருந்து நேராக விமான நிலையத்துக்குப் போயிருப்பேன். நீயாக இருந்தால் பயிற்சியாளரிடம் சண்டைக்குப் போய் அடுத்த மூன்று ஆட்டத்துக்கும் தடை வாங்கியிருப்பாய், கும்பகோணத்தில் செய்ததைப் போல. அவர் அடுத்த வருடமும் ஆடினார்.

2023 ஏப்ரலில் அவர் ஆல்டூனாவில் இருந்தார். ஆல்டூனா இங்கிருந்து கிழக்கே இரண்டு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான தொலைவில் உள்ள பழைய ரயில்வே ஊர். மலையைச் சுற்றி இருப்புப்பாதை குதிரை லாடமாக வளையும் இடம் அருகில் இருப்பதால் அணிக்கே கர்வ் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். வலப்பக்க வேலிக்கு வெளியே பொழுதுபோக்குப் பூங்காவின் ரோலர் கோஸ்டர் தெரியும். டபுள் ஏ நிலை. சுற்றிலும் இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயதுப் பையன்கள். இருபதுகளின் நடுவில் ஆடிய அதே அணிக்கு, 34-ஐ நெருங்கும் வயதில் அவர் திரும்பி வந்திருந்தார். அந்த நேரத்தில் பைரேட்ஸ் அணியின் பிரையன் ரெனால்ட்ஸ் குடும்பத்தில் ஒரு துக்கம் நேர்ந்து அவர் விடுப்பில் போக வேண்டி வந்தது. மேஜர் லீக் விதிப்படி அந்த விடுப்பு மூன்று நாள் முதல் ஏழு நாள் வரைதான். அந்தச் சில நாட்களை நிரப்ப ஒரு ஆள் தேவைப்பட்டது, மேகியைக் கூப்பிட்டார்கள்.

செய்தியை அவரிடம் சொன்னவர் ஆல்டூனாவின் மேலாளர் கேலிக்ஸ் கிராப். அந்தக் காணொளியைத் தேடிப் பார். கிராப்பும் ஒரு காலத்தில் மேகியைப் போல உள்வட்டத்தில் நிற்கும் இன்ஃபீல்டர்தான். நெடுங்காலம் மைனர் லீக்கில் உழன்றுவிட்டு, 2008-இல் சான் டியேகோ அணிக்கு 21 ஆட்டங்கள் ஆடினார். அவருடைய மேஜர் லீக் வாழ்க்கை அவ்வளவுதான். அந்தச் செய்தியைச் சொல்ல அவரைவிடத் தகுதியான ஆள் கிடைத்திருக்க முடியாது. சொல்லி முடித்ததும் அறையிலிருந்த பையன்கள் போட்ட கூச்சலைக் கேட்டால், தங்களுக்கே வாய்ப்பு வந்துவிட்டதோ என்று தோன்றும்.

ஏப்ரல் 26, புதன்கிழமை இரவு, இங்கே பிஎன்சி பார்க்கில் டாட்ஜர்ஸோடு ஆட்டம். அவர் முன்பு பணியாற்றிய அதே டாட்ஜர்ஸ். எட்டாவது இன்னிங்ஸில் (பேஸ்பாலில் ஒன்பது உண்டு) பைரேட்ஸ் வசதியான முன்னணியில் இருந்தபோது, 2013-இல் லீக்கின் சிறந்த வீரர் விருதை வாங்கிய, இந்த ஊர் தலையில் வைத்துக் கொண்டாடும் ஆண்ட்ரூ மெக்கட்சனுக்குப் பதிலாக மேகியை மட்டையோடு அனுப்பினார்கள். நம் ஊரில் சச்சினை உட்கார வைத்துவிட்டு யாரோ ஒருவரை இறக்கினால் என்ன நடந்திருக்கும் என்று யோசித்துப் பார். இங்கே மைதானமே எழுந்து நின்று அவர் பெயரைச் சொல்லிக் கூவியது. எதிரே பந்து வீசியவர் இடக்கை வீச்சாளர் அலெக்ஸ் வெசியா. மேகி ஸ்டிரைக் அவுட் ஆனார், அதாவது பந்தைச் சரியாக அடிக்காமலே ஆட்டமிழந்தார். அதற்கும் கைதட்டினார்கள். மூன்று நாள் கழித்து வாஷிங்டனில், ஒரே நாளில் நடந்த இரண்டு ஆட்டங்களில் இரண்டாவதில், பைரேட்ஸ் 16-1 என்று வென்ற அன்று, அவருடைய முதல் ஹிட் (பந்தை அடித்துவிட்டு, ஓடிச் சேர வேண்டிய பேஸைப் பத்திரமாக எட்டுவது) வந்தது. சில நாட்களில் ஆல்டூனாவுக்குத் திரும்ப அனுப்பிவிட்டார்கள். அந்த வருகையில் அவருடைய கணக்கு: ஆறு முறை மட்டை பிடித்து இரண்டு ஹிட்.

இந்தக் கதையை இங்கே எல்லாரும் விடாமுயற்சிக்கு உதாரணமாகச் சொல்கிறார்கள். பள்ளியில் காலை வணக்கக் கூட்டத்தில் நம் தமிழையா சொல்லியிருப்பாரே, அந்தக் குரலில். எனக்கு அதில் உடன்பாடு இல்லை, சேது. விடாமல் முயன்று கடைசி வரை கூப்பிடப்படாமலே போனவர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள்; மேகியைவிட அவர்கள் எந்த வகையிலும் குறைந்தவர்கள் அல்லர். அவரைக் கூப்பிட்டதும் வேறு ஒருவர் வீட்டில் துக்கம் நேர்ந்ததால்தான். நான் யோசிப்பது அந்த ஆறு முறையைப் பற்றி அல்ல; அதற்கு முந்தைய 1,155 ஆட்டங்களைப் பற்றி.

ஒரு துணை அணியில் எதிர்கால நட்சத்திரம் என்று நிர்வாகம் கருதுபவர்கள் நான்கைந்து பேர்தான் இருப்பார்கள். ஆனால் அந்த நான்கைந்து பேர் ஆட்டம் கற்க வேண்டுமானால் களத்தில் ஒன்பது பேர் நிற்க வேண்டும், எதிர்ப்பக்கமும் ஒன்பது பேர் வேண்டும். மீதி இடங்களை நிரப்புபவர்கள் மேகியைப் போன்றவர்கள். அதிலும் இன்ஃபீல்டர் என்றால், இன்று செகண்ட் பேஸ், நாளை ஷார்ட்ஸ்டாப், மறுநாள் தேர்ட் பேஸ் என்று எங்கே பள்ளமோ அங்கே போய் நிற்க வேண்டும். ஏனோதானோ என்று நிற்கவும் முடியாது. டபுள் பிளே என்ற, ஒரே அடியில் இருவரை ஆட்டமிழக்கச் செய்யும் வித்தையைக் கொஞ்சம் நிதானமாகக் கேள். முதல் பேஸில் ஓட்டக்காரர் இருக்கும்போது பந்து தரையோடு ஷார்ட்ஸ்டாப்பிடம் வருகிறது. அவர் அதை எடுத்து, செகண்ட் பேஸ் ஆட்டக்காரர் ஓடி வந்துகொண்டிருக்கும் நேரத்திலேயே, பேஸாக வைத்திருக்கும் மூட்டையை நோக்கி அவருடைய மார்பு உயரத்தில் எறிய வேண்டும். செகண்ட் பேஸ்காரர் பந்தைப் பார்த்தபடியே காலால் மூட்டையைத் தொட்டு, காலை நோக்கிச் சறுக்கி வரும் ஓட்டக்காரரிடமிருந்து விலகி, உடலைத் திருப்பி முதல் பேஸுக்கு எறிய வேண்டும். மட்டையடித்தவர் தொண்ணூறு அடியை நான்கே கால், நான்கரை நொடியில் ஓடிவிடுவார். இவ்வளவும் அதற்குள் நடக்க வேண்டும். பந்து கையுறையின் விரல் பின்னலில் மாட்டிக்கொண்டால் போயிற்று. பக்கத்தில் நிற்பவர் புதிதாக வந்த பத்தொன்பது வயதுப் பையன் என்றால், அவன் எறிவது எங்கே வரும் என்று ஊகித்து அவனுக்கும் சேர்த்து ஆட வேண்டும். அந்தப் பையன் மூன்று வருடத்தில் மேஜர் லீக் போய்விடுவான். அவனை அங்கே அனுப்பிவைத்த கைகளில் ஒன்று கீழேயே இருக்கும்.

இதற்கு என்ன கூலி கொடுத்தார்கள் என்று கேட்டால் உனக்குக் கோபம் வரும். 2020 வரை டபுள் ஏ நிலையில் குறைந்தபட்ச ஊதியம் வாரத்துக்கு 350 டாலர். அதுவும் ஆட்டப் பருவத்தில் மட்டும். குளிர்கால மாதங்களுக்கும் வசந்தகாலப் பயிற்சிக்கும் சம்பளம் கிடையாது. 2018-இல் அமெரிக்க நாடாளுமன்றம் ஒரு பெரிய செலவின மசோதாவுக்குள் ஒரு பிரிவைச் செருகி, மைனர் லீக் ஆட்டக்காரர்களுக்கு மிகைநேர ஊதியச் சட்டம் பொருந்தாமல் செய்துவிட்டது. அந்தப் பிரிவுக்கு வைத்த பெயர் அமெரிக்காவின் விளையாட்டைக் காப்பாற்றும் சட்டம்; யாரிடமிருந்து காப்பாற்றினார்களோ! முன்னாள் ஆட்டக்காரர்கள் 2014-இல் தொடுத்த வழக்கு 2022-இல் 185 மில்லியன் டாலர் சமரசத்தில் முடிந்தது. பிறகு சங்கம் அமைந்தது. 2023-இல், சரியாக மேகி கூப்பிடப்பட்ட அந்தப் பருவத்தில், மைனர் லீக்கின் முதல் கூட்டு ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்து டபுள் ஏ ஊதியம் ஆண்டுக்கு 30,250 டாலர் ஆனது. மேஜர் லீக்கில் அதே ஆண்டின் குறைந்தபட்சம் 7,20,000 டாலர். அதாவது மேலே எட்டு நாள் இருந்தால் கீழே ஒரு வருடச் சம்பளம் கைக்கு வந்துவிடும். மேலே 43 நாள் பட்டியலில் இருந்தால் ஓய்வூதியத்துக்கே உரிமை உண்டு. கீழே பதின்மூன்று வருடம் உழைத்ததற்கு அந்தக் கணக்கில் ஒரு நாளும் சேராது.

இப்போது உன் மகனிடம் வருகிறேன். நாம் ஆடிய காலத்தில் லீக் ஆட்டக்காரனுக்கு வங்கியோ ஆலையோ வேலை கொடுத்தது. பதினொரு மணிக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு நெட்ஸுக்குப் போனவர்களை நீயும் பார்த்திருக்கிறாய். ரஞ்சி ஆடினாலும் ஆடாவிட்டாலும் வருங்கால வைப்பு நிதி ஏறிக்கொண்டிருந்தது. லெக் ஸ்பின் ஐயங்கார் மாநில அணியின் பன்னிரண்டாவது ஆளாகக்கூட இருந்ததில்லை, ஆனால் வீடு கட்டி இரண்டு பெண்களுக்குக் கல்யாணமும் செய்தார். இப்போது அந்த வேலைகள் பெருமளவு போய்விட்டன. பையனின் திறமையைப் பற்றியும் வயதைப் பற்றியும் மூன்று பக்கம் எழுதிய நீ, அவன் ஆடும் கிளப் அவனுக்கு என்ன தருகிறது என்று ஒரு வரி எழுதவில்லை. எனக்கு அதுதான் முதலில் தெரிய வேண்டும்.

ஆகவே என் அபிப்பிராயம் இவ்வளவுதான். எப்போது விடுவாய் என்று அவனை இன்னொரு முறை கேட்காதே. கேட்டுக் கேட்டு நீ பெற்ற பலன் அவன் சாப்பாட்டு நேரத்தை மாற்றிக்கொண்டது மட்டும்தான் என்று உன் வீட்டம்மாவே போனில் சொன்னார். அதற்குப் பதிலாக இவற்றைக் கேள். ஒரு ஆட்டத்துக்கு எவ்வளவு, அதை எப்போது தருகிறார்கள்? விரல் முறிந்தால் மருத்துவச் செலவு யாருடையது? மழை மாதங்களில் வருமானம் எங்கிருந்து வருகிறது? பயிற்சியாளர் சான்றிதழுக்குப் படிக்க கிளப் நேரம் ஒதுக்குமா? பதில்கள் சகிக்கும்படி இருந்தால் ஆடட்டும், முப்பத்தைந்து வரைகூட ஆடட்டும். சகிக்க முடியாமல் இருந்தால், ஆட்டத்தை விடச் சொல்லாதே, கிளப்பை மாற்றச் சொல்.

தை பிறந்ததும் வருகிறேன். அதற்கு முன் அவனுடைய எண்ணை அனுப்பு, நானே பேசுகிறேன். நீ பக்கத்தில் நின்று ஒலிபெருக்கியில் போட்டுக் கேட்கக் கூடாது.

உன்,
பழைய ரன்னர்