அலாய் வீல் கடைக்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்: பில்லில் ஐந்து எண்களும் ஒரு நட்டும்

மதிப்பிற்குரிய கடை உரிமையாளர்களுக்கும், ஜாக்கி ஏற்றிச் சக்கரம் மாட்டித் தரும் தொழிலாளர்களுக்கும் வணக்கம்.

சென்னை ஜெனரல் பேட்டர்ஸ் சாலையில் உள்ள கடைகளானாலும், எங்கள் திருச்சியில் டயரோடு சேர்த்து ரிம்மும் விற்கும் கடைகளானாலும், நான் இதுவரை பார்த்த பில்களில் ரிம்மைப் பற்றி ஒரே ஒரு வரிதான் இருந்தது: "15 இன்ச் அலாய், 4 எண்ணம்", பக்கத்தில் தொகை. அந்த வரியில் இன்னும் ஐந்து எண்களைச் சேர்த்து, நட்டின் மரை அளவையும் குறித்துக் கொடுங்கள் என்று கேட்பதற்காகவே இந்த மடலை எழுதுகிறேன். புதிய கருவியோ கூடுதல் ஆளோ இதற்குத் தேவையில்லை. அந்த எண்களில் பெரும்பாலானவை ரிம்மின் பின்புறத்திலேயே வார்ப்பில் பதிந்திருக்கின்றன. மீதியை ஒரு வெர்னியர் அளவுகோல் சொல்லிவிடும்.

என்னிடம் இருப்பது ஸ்விஃப்ட்டின் கீழ்நிலை வகை. 14 அங்குல இரும்பு ரிம்மோடு வந்தது. அதற்கு 15 அங்குல அலாய் மாட்ட விரும்பி ஒரு கடைக்குப் போனேன். "நாலு ஓட்டை, நூறு பி.சி.டி., உங்க வண்டிக்கு அப்படியே உக்காரும் சார்" என்றார் அங்கிருந்த தம்பி. அவர் சொன்னதில் பொய் இல்லை. ஸ்விஃப்ட்டுக்கு நான்கு ஓட்டைகள், அவற்றின் மையங்களைத் தொட்டுச் செல்லும் வட்டத்தின் விட்டம் (அதைத்தான் பி.சி.டி. என்கிறார்கள்) 100 மில்லிமீட்டர். ரிம்மும் அப்படியே இருந்தது, அரை மணி நேரத்தில் மாட்டியும் விட்டார்கள். ஆனால் மணிக்கு 80 கிலோமீட்டரைத் தாண்டியதும் ஸ்டியரிங் கையில் நடுங்கியது. இரண்டு கடைகளில் மூன்று முறை பேலன்சிங் செய்தேன், ஒரு முறை அலைன்மென்ட் பார்த்தேன், டயரே வட்டமாக இல்லை, மாற்றிவிடுங்கள் என்ற ஆலோசனையையும் கேட்டுக்கொண்டேன். கடைசியில் பாலக்கரைப் பக்கம் ஒரு பழைய பட்டறையில் மெக்கானிக் ஒருவர் சக்கரத்தைக் கழற்றி, ரிம்மின் நடு ஓட்டைக்கும், காரில் அந்த ஓட்டைக்குள் நுழையும் ஹப்புக்கும் இடையில் விரலை விட்டுக் காட்டினார். "ஹப்புல உக்காரல சார், நட்டுலதான் தொங்குது" என்றார்.

அந்த இடைவெளிக்குக் காரணமான எண்ணைத்தான் யாரும் எனக்குச் சொல்லவில்லை. ஸ்விஃப்ட்டின் ஹப் விட்டம் 54.1 மில்லிமீட்டர். எனக்கு விற்கப்பட்ட ரிம்மின் சென்டர் போர், அதாவது நடு ஓட்டையின் விட்டம், 73.1. ஒரே அச்சில் வார்த்த ரிம்மைப் பல கார்களுக்கும் விற்க வேண்டும் என்பதால் தயாரிப்பாளர்கள் நடு ஓட்டையைப் பெரிதாகவே விடுகிறார்கள். அதில் தவறில்லை, ஆனால் ஹப்பைச் சுற்றி 9.5 மில்லிமீட்டர் வெற்றிடம் இருக்கிறது என்பதையும், அதை நிரப்ப ஹப் ரிங் என்று ஒரு வளையம் உண்டு என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டியது விற்பவரின் பொறுப்பு. கூம்பு வடிவ நட்டே ரிம்மை நடுவுக்குக் கொண்டுவந்துவிடும் என்று உங்களில் சிலர் சொல்வீர்கள். சக்கரம் தரையைத் தொடாத நிலையில், எதிரெதிர் நட்டுகளாகக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்கினால் அது ஓரளவு நடக்கும் என்று ஒப்புக்கொள்கிறேன். பாதி நட்டைக் கையால் திருகி, ஜாக்கியை இறக்கிவிட்டு, காற்றுத் துப்பாக்கியால் ஒரே மூச்சில் இறுக்கும்போது அது நடப்பதில்லை.

மூன்று முறை பேலன்சிங் செய்தும் நடுக்கம் போகாததற்கும் இதுவே காரணம். பேலன்சிங் இயந்திரம் சக்கரத்தை அதன் நடு ஓட்டையில் கூம்பைச் செருகிப் பிடிக்கிறது. அங்கே சக்கரம் மிகச் சரியான மையத்தில் சுழல்வதால் திரையில் பூச்சியம் காட்டுகிறது. காரிலோ அதே சக்கரம் நட்டுகளின் தயவில் ஒரு பக்கம் ஒதுங்கி நிற்கிறது. இயந்திரமும் பொய் சொல்லவில்லை, ஸ்டியரிங்கும் பொய் சொல்லவில்லை. சில நூறு ரூபாய்க்கு நான்கு வளையங்கள் வாங்கிப் போட்ட அன்று மாலையே நடுக்கம் நின்றது. அதற்குள் பேலன்சிங்குக்கும் அலைன்மென்ட்டுக்கும் நான் கொடுத்திருந்த பணத்தில் அந்த வளையங்களைப் பல முறை வாங்கியிருக்கலாம்.

எனவே நான் கேட்கும் முதல் இரண்டு எண்கள் பி.சி.டி.யும் சென்டர் போரும். பி.சி.டி.யை எல்லாக் கடைகளும் வாயால் சொல்கின்றன. ஆனாலும் அதை எழுத்தில் தரச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஸ்விஃப்ட், ஐ20, ஜாஸ் ஆகிய மூன்றுக்கும் நான்கு ஓட்டை, 100 என்பதால் மூன்றுக்கும் ஒரே ரிம் என்று பேச்சில் முடிந்துவிடுகிறது. ஆனால் ஃபிகோவுக்கு 108, ஃபியட் புன்ட்டோவுக்கு 98, பழைய மாருதி 800க்கு 114.3, இங்கே விற்ற போலோவுக்கு 100 என்றாலும் ஓட்டை ஐந்து, க்விட்டுக்கு மூன்றே ஓட்டைதான். இவற்றுள் ஆபத்தானது 98க்கும் 100க்கும் உள்ள 2 மில்லிமீட்டர் வேறுபாடு. 108 ரிம்மை 100 ஹப்பில் மாட்டவே முடியாது என்பதால் அங்கே தவறு நடக்க வழியில்லை. 98இல் 100ஐ மாட்டினால் எப்படியோ உள்ளே போய்விடுகிறது. போல்ட்டுகள் சற்றுச் சாய்ந்து, கூம்பின் ஒரு விளிம்பில் மட்டும் அழுத்தி, இறுகியதுபோல நடிக்கின்றன. மாட்டிக்கொள்வது வேறு, பொருந்துவது வேறு என்பது உங்கள் தொழிலில் உள்ள எல்லோருக்கும் தெரியும்.

நான்கு ஓட்டைக்குப் பதில் எட்டு ஓட்டை போட்டு, இரண்டு பி.சி.டி.க்கும் ஏற்றதாக விற்கப்படும் ரிம்களைப் பற்றி எனக்குப் பெரிய மரியாதை இல்லை என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன். பயன்படாத நான்கு ஓட்டைகளில் தண்ணீரும் சேறும் சேர்வதைத் தவிர வாங்குபவருக்குக் கிடைப்பது எதுவுமில்லை. கடையில் சரக்கு சுருங்கும் வசதி முழுவதும் உங்களுடையது.

மூன்றாவது எண்ணும் நான்காவது எண்ணும் சேர்ந்தே வர வேண்டியவை: ரிம்மின் அகலம், ஆஃப்செட். ரிம்மின் பின்புறம் இ.டி. என்ற எழுத்துகளுக்குப் பக்கத்தில் உள்ள எண்தான் ஆஃப்செட். ரிம் ஹப்பில் பதியும் தளம், அகலத்தின் நடுக்கோட்டிலிருந்து எத்தனை மில்லிமீட்டர் வெளிப்பக்கமாகத் தள்ளி இருக்கிறது என்பதை அது சொல்கிறது. எண் குறையக் குறையச் சக்கரம் காருக்கு வெளியே தள்ளி நிற்கும். ஒரு கணக்குப் பார்ப்போம். 5.5 அங்குல அகலமும் 45 ஆஃப்செட்டும் உள்ள ரிம்மைக் கழற்றிவிட்டு, 6.5 அங்குல அகலமும் 35 ஆஃப்செட்டும் உள்ளதை மாட்டினால், கூடிய ஓர் அங்குலத்தில் பாதியான 12.7 மில்லிமீட்டர் வெளியே வரும், குறைந்த ஆஃப்செட்டால் மேலும் 10 மில்லிமீட்டர் வரும். ஆக வெளிவிளிம்பு 22.7 மில்லிமீட்டர் மட்கார்டை நோக்கி நகர்கிறது. உள்விளிம்பு ஷாக் அப்சார்பரை நோக்கி நகர்வது 2.7 மில்லிமீட்டர் மட்டுமே. அகலத்தை மட்டும் சொல்லி ஆஃப்செட்டைச் சொல்லாவிட்டால் இந்தக் கணக்கை யாராலும் போட முடியாது.

கடை வாசலில் கார் காலியாக நிற்கும்போது அந்த 22.7 மில்லிமீட்டர் அழகாகத்தான் தெரிகிறது. ஐந்து பேரும் பெட்டிகளுமாகக் கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளில் ஏறியபோதுதான் என் காரின் பின்சக்கரம் மட்கார்டின் உள்மடிப்பில் உரசும் சத்தம் கேட்டது. கீழே இறங்கிப் பார்த்தால் டயரின் தோளில் வட்டமாக ஒரு கீறல். அதன் பிறகுதான் ரிம்மின் பின்புறத்துத் தூசியைத் துடைத்து எண்ணைப் படித்தேன். அதை வாங்கும் முன்பே படித்திருக்க வேண்டும் என்று நீங்கள் சொன்னால் ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் எதைப் படிக்க வேண்டும் என்பதே அப்போது எனக்குத் தெரியாது. உங்களுக்குத் தெரியும். சுமையோடு சோதிக்க முடியாவிட்டாலும், ஸ்டியரிங்கை இரு பக்கமும் முழுமையாகத் திருப்பிப் பார்ப்பதோடு, பின் இருக்கையில் மூன்று பேரை உட்கார வைத்து ஒரு சுற்று ஓட்டிப் பார்க்கச் சொல்வதில் உங்களுக்கு என்ன செலவு?

டயர் அளவைப் பொறுத்தவரை உங்களில் பலர் சரியாகவே வழிகாட்டுகிறீர்கள், அதனால் சுருக்கமாக முடிக்கிறேன். டயர் அளவில் முதல் எண் மில்லிமீட்டரில் அகலம், இரண்டாவது அந்த அகலத்தில் பக்கச்சுவர் உயரம் எத்தனை சதவீதம் என்பது, கடைசி எண் அங்குலத்தில் ரிம்மின் விட்டம். என் காரில் இருந்த 165/80 ஆர் 14 டயரின் மொத்த விட்டம் 619.6 மில்லிமீட்டர். அதே காரின் உயர்நிலை வகைக்கு நிறுவனமே தரும் 185/65 ஆர் 15 டயர் 621.5 மில்லிமீட்டர். 195/55 ஆர் 16 போட்டாலும் 620.9தான். மூன்றும் கிட்டத்தட்ட ஒன்று என்பதால் வேகமானி ஏமாற்றாது, ஸ்டெப்னியும் பயன்படும். 195/50 ஆர் 16 விலை குறைவாகக் கிடைக்கிறது என்று தள்ளிவிட்டால் விட்டம் 601.4ஆகக் குறைகிறது, கார் தாழ்கிறது, வேகமானி உண்மையைவிடக் கூட்டிக் காட்டுகிறது, டயரின் பக்கச்சுவர் உயரம் 132 மில்லிமீட்டரிலிருந்து 97.5க்கு இறங்குகிறது. மழைக்காலத்துப் பள்ளங்களில் இரும்பு ரிம் நெளியும், தட்டி எடுக்கலாம். அலாய் விரிசல் விடும். அந்த 34.5 மில்லிமீட்டர் ரப்பர்தான் இடையில் நிற்கிறது.

ஐந்தாவது எண், ரிம் தாங்கும் சுமை. இதைப் பற்றி என்னிடம் எந்தக் கடையிலும் யாரும் பேசியதில்லை. டயரில் 85 என்று போட்டிருந்தால் அது 515 கிலோ தாங்கும், 88 என்றால் 560 கிலோ என்று அட்டவணை சொல்கிறது. அதை ஏந்தும் ரிம் எவ்வளவு தாங்கும் என்று கேட்டால் சிரிக்கிறார்கள். பயணிகள் காருக்கான அலாய் ரிம்களுக்கு இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் ஐ.எஸ். 16192 என்ற தரத்தின் இரண்டாம் பகுதி இருக்கிறது. ரிம்களுக்குத் தர முத்திரையைக் கட்டாயமாக்கும் ஆணையை மத்திய அரசு 2020இல் வெளியிட்டது. ஜப்பானிய ரிம்களில் ஜே.டபிள்யூ.எல். என்ற தரக் குறி வார்ப்பிலேயே இருக்கும். ஜெர்மனியில் இன்னும் ஒரு படி மேலே போய், எந்த ரிம் எந்தக் காருக்கு, எந்த டயர் அளவோடு, என்ன நிபந்தனையில் மாட்டத்தக்கது என்பதைப் பட்டியலிட்ட ஆவணமே ரிம்மோடு வருகிறது. அந்த அளவுக்கு நான் கேட்கவில்லை. முத்திரை இருக்கிறதா, எத்தனை கிலோ என்று இரண்டு சொற்கள் பில்லில் இருந்தால் போதும்.

இனி நட்டு. ஸ்விஃப்ட்டின் நட்டு 12 மில்லிமீட்டர், மரை இடைவெளி, அதாவது ஒரு திருகு வரிக்கும் அடுத்த வரிக்கும் உள்ள தூரம், 1.25, ஹூண்டாய்க்கும் ஹோண்டாவுக்கும் அதே 12தான், ஆனால் இடைவெளி 1.5. ஒன்றின் நட்டை மற்றதில் போட்டால் இரண்டு சுற்று கையால் போகும், பிறகு துப்பாக்கி வலுக்கட்டாயமாக ஏற்றிவிடும், மரை போய்விடும். ஹோண்டாவின் சொந்த நட்டுக்கு அடிப்பகுதி பந்துபோல உருண்டிருக்கும். வெளியே வாங்கும் ரிம்களின் இருக்கையோ பெரும்பாலும் 60 பாகைக் கூம்பு. உருண்டையைக் கூம்பில் வைத்து இறுக்கினால் மெல்லிய ஒரு கோட்டில்தான் தொடும், பின்பு தளரும். ரிம் விற்கும்போது அதற்குரிய நட்டையும் சேர்த்து விற்றுவிடுங்கள். பழைய நட்டுகளைக் குப்பையில் போடாமல் டிக்கியில் வைக்கச் சொல்லுங்கள், இரும்பு ஸ்டெப்னியை மாட்ட அவை வேண்டும்.

வாடிக்கையாளர்கள் டிசைனையும் விலையையும் மட்டுமே கேட்கிறார்கள், எண்களை யார் கேட்கிறார்கள் என்று நீங்கள் சொல்லக்கூடும். உண்மைதான். ஆனால் நீங்கள் கேட்காமலேயே எங்கள் பழைய இரும்பு ரிம்களை எக்ஸ்சேஞ்சில் எடுத்துக்கொள்கிறீர்கள். அதன் பிறகு பொருந்தாத ரிம்மோடு திரும்பிப் போக எங்களுக்கு வழியில்லாமல் போகிறது. சட்டமும் எங்கள் தலையில்தான் விடிகிறது. தயாரிப்பாளர் குறித்த விவரங்களிலிருந்து மாறுபடும்படி வண்டியை மாற்றக் கூடாது என்கிறது மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு; 2019 ஜனவரியில் கேரளத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை வலியுறுத்தியது; அனுமதியில்லாத ஒவ்வொரு மாற்றத்துக்கும் 5,000 ரூபாய் அபராதம் என்பது உரிமையாளருக்கு எழுதப்பட்ட விதி. அதனால்தான் காரின் உயர்நிலை வகைக்கு நிறுவனமே தரும் அளவைத் தாண்ட வேண்டாம் என்று நான் இப்போது நண்பர்களிடம் சொல்கிறேன். தாண்டித்தான் தீருவேன் என்பவரும் உங்களிடம்தான் வருவார். அவருக்கும் எண்களைச் சொல்லிவிட்டு விற்றால் முடிவு அவருடையதாகிவிடும்.

நான் கேட்கும் வரி இப்படி இருந்தால் போதும்: "15 இன்ச் அலாய், 4 எண்ணம், 4 ஓட்டை, பி.சி.டி. 100, சென்டர் போர் 73.1, 54.1 ஹப் ரிங் சேர்த்து; அகலம், ஆஃப்செட், தாங்கும் சுமை ரிம்மில் உள்ளபடி; நட்டு 12க்கு 1.25, கூம்பு." கையால் எழுதினால் ஒரு நிமிடம்.

கொல்லிமலையில் உரசிய பின்சக்கர ரிம்கள் இரண்டையும் மாற்ற முடிவு செய்திருக்கிறேன். அடுத்த மாதம் உங்களில் ஒருவர் கடைக்கு வருவேன். டிசைனைக் காட்டும் முன் ரிம்மைத் திருப்பிப் பின்புறத்தைக் காட்டுங்கள். வெர்னியரை நானே கொண்டு வருகிறேன்.

இப்படிக்கு,
திருச்சியிலிருந்து ஒரு சிறிய காரின் உரிமையாளர்