"எடுத்தேன்" என்றால் திருடினேன் என்று அர்த்தமில்லை: நீதிமன்றத் தமிழ் குறித்து ஒரு மனு

அனுப்புநர்:
ஒரு வார இறுதித் தமிழ் ஆசிரியை,
சாட்ஸ்வொர்த், டர்பன், தென்னாப்பிரிக்கா.

பெறுநர்:
மாண்புமிகு நீதி மற்றும் அரசியலமைப்பு மேம்பாட்டுத் துறை அமைச்சர் அவர்கள்,
பிரிட்டோரியா.

பொருள்: குற்ற வழக்குகளில் தமிழ் மட்டுமே தெரிந்தவர்களுக்கு ஒழுங்கான மொழிபெயர்ப்பு தருவதும், அவர்கள் பேசிய தமிழின் ஒலிப்பதிவைக் காப்பதும் தொடர்பாக.

மதிப்பிற்குரிய அமைச்சர் அவர்களுக்கு,

வணக்கம். இந்த மனுவை வேண்டுமென்றேதான் தமிழில் எழுதுகிறேன். என் மகள் செய்து கொடுத்த ஆங்கில நகல் பின்னால் இருக்கிறது, அதை முதலில் படித்தாலும் சரி. ஆனால் ஒரு எழுத்துகூட விளங்காத காகிதம் மேசைக்கு வந்து, பக்கத்தில் இருப்பவர் சொல்வதை மட்டும் நம்பி ஒரு முடிவெடுக்க வேண்டியிருந்தால் எப்படி இருக்கும் என்பது உங்களுக்கும் ஒரு நிமிடம் தெரியட்டும் என்று நினைத்தேன். தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டீர்கள் என்று நம்புகிறேன்.

நான் கல்யாணமாகி மதுரைப் பக்கத்திலிருந்து டர்பனுக்கு வந்து இருபத்தைந்து வருடத்துக்கு மேல் ஆகிறது. சனிக்கிழமைகளில் கோயில் ஹாலில் பிள்ளைகளுக்கு அ, ஆ சொல்லிக் கொடுக்கிறேன். அதனாலோ என்னவோ, ஊரிலிருந்து வேலைக்கு வரும் பையன்களுக்கு ஆஸ்பத்திரி, பேங்க், விசா என்று எது வந்தாலும் என் நம்பர்தான் கைமாறிப் போகும். அப்படித்தான் போன வருடம் ஒரு போன் வந்தது. புதுக்கோட்டைப் பக்கத்துத் தம்பி, ஓட்டலில் பரோட்டா மாஸ்டர், கல்லாவிலிருந்து ஆறாயிரம் ராண்ட் திருடியதாக வழக்கு. எந்த நீதிமன்றம் என்பதை இங்கே எழுதவில்லை. வழக்கு இன்னும் நடக்கிறது, அதோடு நான் சொல்ல வந்தது அந்த ஒரு கட்டடத்தின் குறை மட்டுமில்லை.

முதல் வாய்தா, மொழிபெயர்ப்பாளர் இல்லை. இரண்டாவது வாய்தா, ஒருவரை வரவழைத்திருந்தார்கள், அவருக்குத் தெரிந்தது இந்தி. இந்தியாக்காரன்தானே என்று யாரோ நினைத்திருக்கிறார்கள்! மூன்றாவதுக்கு யாருமே வரவில்லை. ஜாமீனும் கிடைக்கவில்லை, ஏனென்றால் தம்பி தங்கியிருந்ததே அந்த ஓட்டல் மாடி அறையில்தான், வேலை போனதும் முகவரியும் போய்விட்டது, முகவரி இல்லாத வெளிநாட்டுக்காரனை எப்படி வெளியே விடுவார்கள். ஆக, மொழிபெயர்ப்பாளர் வராத ஒவ்வொரு தடவையும் அவன் உள்ளே இருந்தான். மொத்தம் மூன்று மாதம் பதினோரு நாள். நியாயமில்லாத தாமதம் இல்லாமல் விசாரணை தொடங்கி முடிய வேண்டும் என்று நம் அரசியலமைப்பின் 35ஆவது பிரிவு சொல்கிறது. தாமதம் யாரால், எதனால் என்று நீதிமன்றமே கேட்டு உத்தரவு போட 1977ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 342ஏ என்று ஒரு பிரிவும் இருக்கிறது. நான் பார்த்த வரை அந்தக் கேள்வியை யாரும் கேட்கவில்லை. தேதி குறித்தார்கள், அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

மூன்றாவது வாய்தா முடிந்து, சிறையில் மனுப்போட்டுப் பார்க்கப் போனபோது அவன் கேட்டான், "அக்கா, குத்தத்த ஒத்துக்கிட்டா சீக்கிரம் வெளிய விட்டுருவாங்களாமே, உள்ள இருக்கவங்க சொல்றாங்க?" எனக்கு என்ன பதில் சொல்வதென்று தெரியவில்லை. சட்டம் படித்தவளில்லை நான். வக்கீலிடம் கேள் என்றேன். அரசு சட்ட உதவி அமைப்பு ஒரு வக்கீலை அவனுக்குக் கொடுத்திருந்தது, நல்ல பெண், ஆனால் அவருக்கும் இவனுக்கும் நடுவில் மொழி இல்லை. நீதிமன்ற நடைபாதையில் கைஜாடையிலும் "பாஸ்", "மணி", "சேலரி" என்ற மூன்று வார்த்தையிலும் ஒரு ஐந்து நிமிடம் பேசுவதை வக்கீல் வைத்துக்கொள்ளும் உரிமை என்று எப்படிச் சொல்வது?

நாலாவது வாய்தாவுக்கு ஒரு பெரியவர் வந்தார். இங்கேயே பிறந்து வளர்ந்தவர், நாலாவது தலைமுறை, தேவாரம் பாடினால் கண்ணில் தண்ணீர் வரும், அத்தனை அழகாகப் பாடுவார். ஆனால் பேச்சுத் தமிழ் அவர் பாட்டியோடு போய்விட்டது. "எனக்கு இதெல்லாம் சரியா வராதும்மா, ஆள் இல்லன்னு கூப்பிட்டாங்க" என்று என்னிடம் முன்னாலேயே சொன்னார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை. 1860 நவம்பரில் ட்ரூரோ கப்பலில் சென்னையிலிருந்து கரும்புத் தோட்டத்துக்கு வந்தவர்களின் பிள்ளைகளும் பேரன்களும் இவ்வளவு தமிழை வைத்திருப்பதே பெரிய விஷயம். பாட்டுக்கு இருக்கும் தமிழ் சாட்சிக் கூண்டுக்குப் போதாது, அவ்வளவுதான்.

இனி நடந்ததை அப்படியே எழுதுகிறேன். குற்ற விசாரணை பொதுவில் நடக்க வேண்டும் என்பதும் அதே 35ஆவது பிரிவுதான், அதனால் நான் பின் பெஞ்சில் உட்கார்ந்து என் காதால் கேட்டது இது.

தம்பி குற்றத்தை ஒப்புக்கொள்வதாகச் சொல்லிவிட்டான். அப்படி ஒப்புக்கொண்டால், ஆள் புரிந்துதான் ஒப்புக்கொள்கிறானா என்று மாஜிஸ்திரேட் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 112ஆவது பிரிவின் கீழ் கேள்வி கேட்க வேண்டும், கேட்டார். பணத்தை எடுத்தாயா? "எடுத்தேங்க. ரெண்டு மாச சம்பளம் நின்னு போச்சுங்க, மொதலாளிட்ட சொல்லிட்டுத்தான் எடுத்தேன்." பெரியவர் ஆங்கிலத்தில் சொன்னது: திருடினேன், முதலாளிக்குத் தெரியும். "சொல்லிட்டுத்தான்" என்பதில் இருக்கிற அந்த "தான்" இருக்கிறதே, அந்த வழக்கின் உயிரே அதில்தான் இருந்தது, அது ஆங்கிலத்துக்குப் போகவே இல்லை. சம்பளம் என்ற சொல்லும் போகவில்லை.

அடுத்த கேள்வி இதைவிட மோசமாகப் போனது. அந்தப் பணத்தை எடுக்க உனக்கு உரிமை இல்லை என்பது உனக்குத் தெரியுமா என்று மாஜிஸ்திரேட் கேட்கிறார். பெரியவர் அதை "உனக்கு உரிமை இல்லையா?" என்று கேட்டார். தம்பி, "இல்லீங்க, எனக்கு வர வேண்டியதுங்க" என்றான். நம் ஊரில் இந்த "இல்லீங்க" என்றால், நீங்கள் சொல்வது அப்படியில்லை, எனக்கு உரிமை உண்டு என்று பொருள். நீதிமன்றத்துக்குப் போனது வெறும் "இல்லை". உரிமை இல்லையென்று அவனே ஒத்துக்கொண்டதாக ஆகிவிட்டது. அதோடு தலையையும் ஒரு ஆட்டு ஆட்டினான், நம் ஆட்கள் ஆட்டும் ஆட்டம் ஆமாமா இல்லையா என்று யாருக்குத் தெரியும்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். போலீஸ்காரர் உட்காரச் சொன்னார், உட்கார்ந்தேன். டீ இடைவேளையில் வக்கீலம்மாவைப் பிடித்து, ஒரு துண்டுக் காகிதத்தில் அவன் சொன்னதை வரிக்கு வரி ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்தேன். அவர் அதை மாஜிஸ்திரேட்டிடம் சொன்னார். அந்த மாஜிஸ்திரேட்டை நான் மெச்சித்தான் ஆக வேண்டும், உடனே நிறுத்தி, 113ஆவது பிரிவைச் சொல்லி, ஒப்புதலை எடுத்துவிட்டுக் குற்றமற்றவன் என்று சொல்வதாகப் பதிவு செய்து விசாரணைக்குப் போட்டார். சந்தேகம் வந்தால் அப்படிச் செய்தே தீர வேண்டும் என்பதுதான் அந்தப் பிரிவு. ஆனால் அந்தச் சந்தேகம் எப்படி வந்தது பாருங்கள். அன்றைக்கு என் மகளுக்குப் பல் டாக்டர் அப்பாயின்ட்மென்ட் இருந்தது, கேன்சல் ஆனதால்தான் நான் போனேன். இல்லாவிட்டால் ஒருவன் குற்றவாளி. மேல்முறையீட்டுக்கு உயர் நீதிமன்றம் போனாலும், அங்கே கையில் எடுப்பது தட்டச்சு செய்த விசாரணைப் பதிவைத்தான், அதில் இருப்பது மொழிபெயர்ப்பாளர் சொன்ன ஆங்கிலம் மட்டும். அவன் பேசிய தமிழ் காகிதத்தில் எங்குமே இல்லை.

தம்பி செய்தது சரி என்று நான் வாதாடவில்லை. சொல்லிவிட்டு எடுத்தானோ சொல்லாமல் எடுத்தானோ, கல்லாவில் கை வைத்தது எனக்குப் பிடிக்கவில்லை, அவனிடமே திட்டியிருக்கிறேன். முதலாளியும் தமிழர்தான், அவர் பக்கமும் கேட்டேன். நாலு தடவை கடையை மூடிவிட்டு நீதிமன்ற வாசலில் நின்றிருக்கிறார், வாய்தா தள்ளிப் போனதை யாரும் அவருக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை, காரணமும் சொல்லவில்லை. 2004இல் அரசு வெளியிட்ட பாதிக்கப்பட்டோர் சாசனத்தில் ஏழு உரிமைகள் இருக்கின்றன, மரியாதையோடு நடத்தப்படுவதும் தகவல் பெறுவதும் நஷ்ட ஈடும் அதில் உண்டு. அவர் வாக்குமூலத்தையும் போலீஸ் ஆங்கிலத்தில் எழுதி கையெழுத்து வாங்கியிருக்கிறது. அதில் இவனை "என் தம்பி மாதிரி" என்று சொன்னது "என் தம்பி" என்று விழுந்திருக்கிறது. நாளைக்குக் குறுக்கு விசாரணையில் இதை வைத்தே அவரைப் பொய்யர் என்பார்கள். மொழி கெட்டால் இரண்டு பக்கமும்தான் கெடுகிறது.

போலீஸ் டாக்கெட்டில், அதாவது அவர்களின் வழக்குக் கோப்பில், உள்ள வாக்குமூலங்களை மொத்தமாக மூடி வைக்க முடியாது, நியாயமான விசாரணைக்குத் தேவையென்றால் குற்றம் சாட்டப்பட்டவர் பார்க்கலாம் என்று 1995இலேயே ஷபலாலா வழக்கில் அரசியலமைப்பு நீதிமன்றம் சொல்லிவிட்டது. தம்பிக்கும் நகல் கொடுத்தார்கள், மறுக்கவில்லை. பதினாலு பக்கம் ஆங்கிலம். அதை மடித்துத் தலையணைக்கு அடியில் வைத்திருந்தான்.

சட்டம் என்ன சொல்கிறது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை, ஆனாலும் எழுதிவிடுகிறேன். தனக்குப் புரியும் மொழியில் விசாரிக்கப்பட, அது நடைமுறைக்கு ஒத்துவராவிட்டால் அந்த மொழியில் மொழிபெயர்க்கப்பட, ஒவ்வொருவருக்கும் உரிமை உண்டு என்கிறது 35(3)(கே). குடிமகனுக்கு என்றில்லை, குற்றம் சாட்டப்பட்ட எல்லோருக்கும். 1944ஆம் ஆண்டு மாஜிஸ்திரேட் நீதிமன்றச் சட்டத்தின் 6ஆவது பிரிவோ, குற்றம் சாட்டப்பட்டவருக்குப் போதிய அளவு தெரியாத மொழியில் சாட்சி சொல்லப்பட்டால் தகுதியுள்ள மொழிபெயர்ப்பாளரை நீதிமன்றம் அழைக்க வேண்டும் என்கிறது. "தகுதியுள்ள" என்ற சொல்லை அன்றைக்கு யாராவது படித்தார்களா? அரசியலமைப்பின் 6ஆவது பிரிவில், மதித்துப் பேண வேண்டிய சமூக மொழிகளின் வரிசையில் தமிழின் பெயரே இருக்கிறது. பெயர் இருந்து என்ன பயன் என்று சில நேரம் தோன்றுகிறது.

இந்த ஊருக்கு இது புதுசும் இல்லை. 1894இல் முன்பல் உடைந்து, வாயில் ரத்தத்தோடு, தலைப்பாகையைக் கையில் பிடித்துக்கொண்டு பாலசுந்தரம் என்ற தமிழ்க் கூலித் தொழிலாளி காந்தியின் அலுவலகத்துக்கு வந்தார். காந்திக்குத் தமிழ் தெரியாது. அவரிடம் ஒரு தமிழ் குமாஸ்தா இருந்தார், அவர் வழியாகத்தான் அடித்தது முதலாளி என்பது தெரிந்து, விஷயம் மாஜிஸ்திரேட் வரை போனது. அந்தக் குமாஸ்தா தப்பாகச் சொல்லியிருந்தால்?

தீர்ப்பில் தலையிடச் சொல்லி நான் கேட்கவில்லை, நீதிமன்றம் சுதந்திரமானது, அமைச்சர் அதில் கை வைக்கவும் கூடாது. ஆனால் மொழிபெயர்ப்பாளர்களை வேலைக்கு வைப்பதும் சம்பளம் கொடுப்பதும் உங்கள் துறை. அதனால் கேட்கிறேன். எந்த மொழிபெயர்ப்பாளரும் சத்தியம் செய்வதற்கு முன் அந்த ஆளோடு ஐந்து நிமிடம் அந்த மொழியில் பேசிக் காட்டட்டும், அதைப் பதிவு செய்யட்டும், புரிகிறதா என்று குற்றம் சாட்டப்பட்டவரிடமே கேட்கட்டும். தமிழ் பேசத் தெரிந்தவர்கள் டர்பனில் இல்லை என்றால் ஜோகன்னஸ்பர்க்கில் இருப்பார்கள், பல்கலைக்கழகத்துக்கும் கோயிலுக்கும் ஓட்டலுக்கும் வந்தவர்களில் படித்தவர்கள் எத்தனையோ பேர், ஒரு பட்டியல் போட்டு வீடியோ வழியாக உட்கார வைக்கலாம், அதற்கு ஒருவரை மூன்று மாதம் உள்ளே போட வேண்டியதில்லை. அப்புறம், எனக்கு எல்லாவற்றையும் விட முக்கியமாகப் படுவது ஒலிப்பதிவு. நீதிமன்றத்தில் எல்லாமே பதிவாகிறது, தமிழும் அதில் இருக்கும். மேல்முறையீட்டுக் காலம் முழுதும் முடியும்வரை அதை அழிக்காமல் வைத்து, இரண்டு தரப்பில் யார் கேட்டாலும் நகல் தந்து, மொழிபெயர்ப்பில் தகராறு என்றால் வேறொருவரைக் கேட்க வைத்துத் திருத்தும் ஒரு எளிய முறையை உங்கள் துறை சுற்றறிக்கையாக அனுப்ப வேண்டும். மொழிபெயர்ப்பாளர் இல்லாததால் வாய்தா போனால், அதை எந்தத் தரப்பின் கணக்கிலும் போடாமல் துறையின் தாமதம் என்றே எழுதச் சொல்லுங்கள். அந்த நாளில் காத்திருந்த சாட்சிக்கும் முறையிட்டவருக்கும் ஒரு குறுஞ்செய்தியாவது போகட்டும்.

தம்பி இப்போது வெளியே இருக்கிறான். கோயில் கமிட்டியில் ஒருவர் முகவரி கொடுத்ததால் ஜாமீன் கிடைத்தது. அன்னதானத்துக்குப் பரோட்டா போட வேண்டாம், சோறு வடித்தால் போதும் என்று சொல்லி வைத்திருக்கிறோம். அடுத்த வாய்தா வரும் மாதம், அதற்கும் அந்தப் பெரியவரையே கூப்பிட்டிருக்கிறார்கள், அவர் போன் செய்து "நான் வரமாட்டேன்னு சொன்னா கேஸ் மறுபடி தள்ளிப் போகுமேம்மா, என்ன செய்யட்டும்?" என்று கேட்கிறார். அவருக்கு நான் பதில் சொல்லவில்லை. இந்த மனுவுக்கு உங்கள் பதில் அந்தத் தேதிக்கு முன்னால் வந்தால் அவரிடம் சொல்லிவிடுவேன். வழக்கு எண்ணும் என் முழுப் பெயரும் தொலைபேசி எண்ணும் தனி உறையில் வைத்திருக்கிறேன். ஆங்கில நகலை மட்டும் கோப்பில் போட்டுத் தமிழை எறிந்துவிடாதீர்கள், இரண்டையும் சேர்த்தே வையுங்கள்.

இப்படிக்கு,
தமிழ் ஆசிரியை,
சாட்ஸ்வொர்த்