97 முதல் 112 வரை: விடுபட்ட பதினாறு பக்கங்கள் பற்றிய முறைப்பாடு

கல்லடி,
மட்டக்களப்பு.
18.11.2025

முகாமையாளர் அவர்கட்கு,
இணையவழிப் புத்தக விற்பனைப் பிரிவு,
கொழும்பு.

பக்கங்கள் விடுபட்ட புத்தகம் – மூன்று தடவை அறிவித்தும் தீர்வில்லை

ஐயா/அம்மணி,

அமெரிக்கத் தொலைக்காட்சிக்காரர் பில் டொனஹியூவின் வாழ்க்கையைச் சொல்லும் தமிழ்ப் புத்தகம் ஒன்றைச் சென்ற மாதம் உங்களிடம் வாங்கினேன். புத்தகம் 1,650 ரூபா, கூரியர் 450. பார்சல் நாலாம் நாளே வந்தது. கட்டியிருந்த விதத்திலும் குறையில்லை. 96ஆம் பக்கம் முடிய மறுபடி 81 வருகிறது, அது திரும்பவும் 96 வரை போகிறது, அங்கிருந்து ஒரே பாய்ச்சலில் 113. புத்தகம் கட்டியவர் ஒரு பதினாறு பக்க மடிப்பை இரண்டு தரம் வைத்துத் தைத்துவிட்டு, வரவேண்டியதை விட்டுவிட்டார்.

இதைக் கண்டுபிடித்தது என் நண்பர். அவருக்கு இரண்டு கண்ணிலும் வெண்படலம். பின்னேரங்களில் பழைய கல்லடிப் பாலம் வரை நடந்துவிட்டு வந்து, அவர் வீட்டு விறாந்தையில் இருந்து நான் வாசிப்பேன், அவர் கேட்பார். அன்றைக்கு நான் பக்க எண்ணைப் பார்க்காமல் வாசித்துக்கொண்டே போகிறேன். “நில்லு மச்சான், இது முந்தாநாள் வாசிச்சதுதானே” என்றார். கண்ணாடி போட்டுக்கொண்டு வாசித்த எனக்குத் தெரியவில்லை!

உங்கள் வட்ஸ்அப் இலக்கத்துக்கு எழுதினேன். “முறைப்பாடு கிடைத்தது, நன்றி” என்று வந்தது. ஒரு கிழமை கழித்து எழுதினேன், அதே வரி. மூன்றாம் தடவை “உங்கள் முறைப்பாடு தீர்க்கப்பட்டது” என்று வந்தது. தொலைபேசி எடுத்து, தமிழுக்கு 2ஐ அழுத்தி, பதினொரு நிமிடம் பாட்டுக் கேட்டபின் ஒரு பிள்ளை பேசினார்.

“புத்தகம் கிழிஞ்சிருக்கா சேர்?”

“கிழியவில்லை மகள். பக்கமே இல்லை.”

“கிழியாட்டி மாத்தித் தர ஏலாது சேர். இல்லாத பக்கத்த ஒரு போட்டோ எடுத்து அனுப்புங்களேன்.”

அந்தப் பிள்ளையில் எனக்குக் கோபமில்லை. எழுதிக் கொடுத்ததைத்தான் வாசித்திருப்பார். ஆனால் எந்த மனிதரின் புத்தகத்துக்காக இதெல்லாம் கேட்க நேர்ந்தது என்பதைச் சொல்லாமல் விட முடியவில்லை.

டொனஹியூ 1967 நவம்பர் 6ஆம் திகதி ஒஹாயோ மாநிலத்தின் டேட்டன் நகரில் தன் தொலைக்காட்சி உரையாடல் நிகழ்ச்சியைத் தொடங்கினார். முதல் விருந்தினரே நாத்திகர் மாடலின் மரே ஓ'ஹெயர். அரச பாடசாலைகளில் பைபிள் வாசிப்பதை எதிர்த்து வழக்காடி 1963இல் வென்ற பெண். அந்தக் காலத்து அமெரிக்காவில் அதற்கு நெஞ்சுரம் வேண்டும். அரங்கில் இருந்த சனமோ, கைவிடப்பட்ட வேறொரு நிகழ்ச்சிக்கு ரிக்கற் எடுத்தவர்கள். விளம்பர இடைவேளையில் அவர்கள் கேட்ட கேள்விகள் தன்னுடையதைவிட நன்றாக இருக்கக் கண்டு, மனிதர் ஒலிவாங்கியைத் தூக்கிக்கொண்டு அவர்கள் நடுவே இறங்கிவிட்டார். வீட்டிலிருந்து தொலைபேசியில் கேட்பவர்களுக்கும் இடம் இருந்தது. பதினொரு நிமிடப் பாட்டு இருந்ததாகப் புத்தகத்தில் இல்லை. 1996 வரை, இருபத்தொன்பது வருடம் இப்படி ஓடியது. 1985இல் சோவியத் ஊடகவியலாளர் விளாடிமிர் பொஸ்னருடன் சேர்ந்து அந்த நாட்டு லெனின்கிராட் நகரச் சனத்தையும் அமெரிக்காவின் சியாட்டில் நகரச் சனத்தையும் செய்மதி வழியாக நேருக்கு நேர் பேசவைத்தார். அந்தப் பகுதி என்னிடம் இரண்டு தரம் இருக்கிறது. மிக நன்றாக இருக்கிறது.

பொருளடக்கத்தின்படி விடுபட்ட பக்கங்கள் 2002, 2003ஆம் ஆண்டுகளுக்கு உரியவை. அவர் 2000ஆம் ஆண்டு அமெரிக்க ஜனாதிபதித் தேர்தலில் வேட்பாளர் ரால்ப் நேடருக்காக வெளிப்படையாகப் பிரசாரம் செய்தவர். 2002இல் எம்.எஸ்.என்.பி.சி. என்ற அமெரிக்கச் செய்தி அலைவரிசையில் மறுபடி நிகழ்ச்சி நடத்த வந்து, ஈராக்மீது படையெடுக்கக்கூடாது என்று பேசுகிறவர்களுக்கும் இடம் கொடுத்தார். அந்த அலைவரிசையில் அப்போது ஆகக்கூடுதலான பேர் பார்த்த நிகழ்ச்சி அதுதான். இருந்தும் 2003 பெப்ரவரியில் நிறுத்தினார்கள். போர்க்காலத்தில் இந்த முகம் நிறுவனத்துக்குத் தொந்தரவு என்று எழுதிய உள்ளக அறிக்கை பின்னர் வெளியே வந்தது. அடுத்த மாதம் போர் தொடங்கியது. 113ஆம் பக்கத்தைத் திறந்தால் ஆள் 2007இல், ஈராக்கில் சுடப்பட்டு நடக்க முடியாமற் போன ஒரு படைவீரரைப் பற்றி ஆவணப்படம் எடுத்து முடித்திருக்கிறார். ஏன் அங்கே வந்து சேர்ந்தார் என்பதுதான் உங்கள் பதினாறு பக்கம்.

டொனஹியூவுக்குப் போனது வேலைதான். 88 வயதுவரை வாழ்ந்து, 2024 மே மாதம் அமெரிக்க ஜனாதிபதியின் கையால் சுதந்திரப் பதக்கமும் வாங்கி, அந்த ஓகஸ்ட்டில் கண்மூடினார். எங்கள் நகரில் 2004 மே 31ஆம் திகதி காலையில் ஊடகவியலாளர் ஐயாத்துரை நடேசன் வேலைக்குப் போகும் வழியில் சுட்டுக் கொல்லப்பட்டார். என் நண்பருக்கு அந்த நாள் நல்ல ஞாபகம். பேசுகிறவரின் வாயை எப்படி அடைக்கிறார்கள் என்ற அத்தியாயத்தைத்தான் அவர் தொடக்கத்திலிருந்தே காத்திருந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

பிழையில்லாத பிரதி ஒன்றை உங்கள் செலவில் அனுப்புங்கள். கையிருப்பு எல்லாமே இப்படித்தான் என்றால், 97 முதல் 112 வரை நிழற்பிரதி எடுத்து அனுப்பினாலும் ஏற்றுக்கொள்வேன், 450 ரூபாயைத் திருப்பித் தரவேண்டும். பதினான்கு நாளில் பதில் இல்லாவிட்டால் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையிடம் போவேன். அதன் சட்டமும் 2003ஆம் ஆண்டுதான், 9ஆம் இலக்கம்.

பற்றுச்சீட்டின் பிரதியையும், 96ஆம் பக்கமும் 113ஆம் பக்கமும் அருகருகே தெரியும் படத்தையும் இணைத்துள்ளேன். இல்லாத பக்கத்தை எடுக்கக்கூடிய போட்டோ இவ்வளவுதான்.

நண்பருக்கு டிசம்பர் நடுவில் முதற் கண்ணுக்குச் சத்திரசிகிச்சை. அதற்குமுன் வாசித்து முடிக்க வேண்டும். பார்சலைக் கூரியரின் நகரக் கிளையில் வைத்துவிட்டு என்னை அங்கே அழைக்காமல் கல்லடி விலாசத்துக்கே அனுப்பச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியர்,
உங்கள் வாடிக்கையாளர்.