ஓன்யாத்தேயை மறுபடி குதிரை ஏற்றாதீர்கள்

அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலம், ரியோ அர்ரிபா மாவட்ட ஆணையர்களுக்கு வணக்கம்.

இந்த மண்ணில் ஸ்பானியக் குடியேற்றத்தைத் தொடங்கிய ஆளுநர் ஹுவான் தே ஓன்யாத்தே குதிரைமேல் அமர்ந்த சிலை ஒன்று அல்கால்டே ஊரில் நின்றது. அதை 2020இல் நீங்களே இறக்கினீர்கள். 2023இல் எஸ்பன்யோலா நகரில் அதை மீண்டும் நிறுவ முற்பட்டபோது, எதிர்த்து வந்தவர்களில் ஒருவர் துப்பாக்கிச் சூட்டில் காயமடைந்தார். அந்தச் சிலையை இனி எங்கும் நிறுத்த வேண்டாம் என்று கேட்கவே இம்மடல்.

உங்களில் பலருக்கு அவர் முன்னோர்களை அழைத்துவந்தவர். மெக்சிகோவின் சகத்தேகாஸ் வெள்ளிச் சுரங்கக் குடும்பத்துப் பிள்ளை. சொந்தப் பணத்தைக் கொட்டி, 80க்கும் மேற்பட்ட வண்டிகளும் ஆயிரக்கணக்கான கால்நடைகளுமாக 1598இல் ரியோ கிராண்டே ஆற்றைக் கடந்தார். ஆங்கிலேயக் குடியேறிகளை அமெரிக்காவுக்குக் கொண்டுவந்த மேஃபிளவர் கப்பல் வர இன்னும் 22 ஆண்டுகள் இருந்தன. அந்தப் பயணத்தை எண்ணி அவர்கள் வழிவந்தோர் பெருமைப்படட்டும். ஆனால், வெயிலிலும் தாகத்திலும் நடந்துவந்த குடும்பங்களுக்கு உரிய பெருமையை ஆளுநர் ஒருவருக்கே ஏன் சூட்டுகிறீர்கள்?

அதே ஆண்டு டிசம்பரில் அவருடைய உறவினர் ஒருவர் உணவு கேட்டு, ஆக்கோமா என்ற பூர்வகுடி மக்கள் வாழ்ந்த குன்றின்மேல் ஏறினார். அங்கு மூண்ட மோதலில் அவரும் உடன் சென்ற வீரர்கள் பலரும் மாண்டார்கள். 1599 ஜனவரியில் ஓன்யாத்தே அனுப்பிய படை அந்த ஊரையே அழித்தது. இறந்தவர்கள் சுமார் 800 பேர் என்பார்கள். பிடிபட்டவர்களுக்கு அவரே தீர்ப்பு எழுதினார்: 25 வயதைக் கடந்த ஆண்களுக்கு ஒரு பாதத்தை வெட்டி, 20 ஆண்டு அடிமை ஊழியம். 12 வயதைத் தாண்டிய பெண்களுக்கும் 20 ஆண்டு ஊழியம். அங்கிருந்த ஹோப்பி என்ற வேறொரு பூர்வகுடியைச் சேர்ந்த ஆண்கள் இருவருக்கு வலது கை போயிற்று. மற்ற ஊர்களுக்குப் பாடமாக அவர்களைத் திருப்பி அனுப்பச் சொன்னார். 12 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகள் குற்றமற்றவர்கள் என்று அத்தீர்ப்பே சொல்கிறது. ஆனாலும் அவர்களைத் தாய் தகப்பனிடம் விடவில்லை.

வெட்டியது பாதத்தையா, விரல்களையா என்று ஆய்வாளர்கள் இன்றும் வாதிடுகிறார்கள். அந்தப் பிள்ளைகள் விஷயத்தில் வாதிட என்ன இருக்கிறது?

‘அந்தக் காலத்து நியாயத்தை வைத்துப் பாருங்கள்’ என்கிறார்கள். பார்ப்போம். ஆக்கோமாவில் நடந்த கொடுமை உள்ளிட்ட குற்றங்களுக்காக 1614இல் ஸ்பானிய அரசே மெக்சிகோ நகரில் அவரைத் தண்டித்தது: அபராதம், நாடுகடத்தல், நியூ மெக்சிகோவுக்குள் நுழைய ஆயுள் முழுவதும் தடை. அவருடைய அரசர் ஆட்சியிலேயே அவருக்கு மறுக்கப்பட்ட மண்ணில் நீங்கள் ஏன் இடம் தேடுகிறீர்கள்?

1598 வருகையின் 400ஆம் ஆண்டு விழா நெருங்கியபோது அந்தச் சிலையின் வலது பாதத்தை யாரோ அறுத்துச் சென்றார்கள். புதிதாக வார்த்துப் பொருத்தினார்கள். சிலைக்குப் பாதம் கிடைத்துவிட்டது, ஆக்கோமாவுக்குக் கிடைக்கவில்லை.

சிலைக்கென ஒதுக்கும் இடத்தில் 1598இல் வந்த குடும்பங்களின் பெயர்களைப் பொறியுங்கள். பக்கத்திலேயே 1599 தீர்ப்பை முழுமையாக எழுதிவையுங்கள். அதற்கு முன் ஆக்கோமா மக்களின் ஆட்சிக்குழுவை அழைத்துப் பேசுங்கள்.

இப்படிக்கு,
வரலாற்று ஆர்வலர் ஒருவர்