மனிதத் தோற்றக் காட்சிக்கூடத்தில் உள்ள பிழைகளைத் திருத்தக் கோரும் மனு

பெறுநர்:
இயக்குநர் அவர்கள்,
அரசு அருங்காட்சியகத் துறை.

பொருள்: 'லூசி' எலும்புக்கூட்டு வார்ப்பின் விளக்கப் பலகையையும் அதன் பின்னுள்ள சுவரோவியத்தையும் திருத்தக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். நான் பள்ளியில் அறிவியல் கற்பிக்கும் ஆசிரியை. தங்கள் துறையின்கீழ் இயங்கும் அருங்காட்சியகம் ஒன்றுக்கு அண்மையில் மாணவர்களை அழைத்துச் சென்றபோது கண்ட பிழைகளைத் தங்கள் கவனத்துக்குக் கொண்டுவரவே இம்மனுவை அளிக்கிறேன்.

எத்தியோப்பியாவின் ஹடாரில் 1974ஆம் ஆண்டு கண்டெடுக்கப்பட்ட, மனிதக் குடும்பத்தின் பழைய இனம் ஒன்றைச் சேர்ந்த லூசியின் வயது 'கார்பன் முறையில் கணிக்கப்பட்டது' என்கிறது பலகை. உயிரிகளின் எச்சத்தில் உள்ள கதிரியக்கக் கார்பனான கார்பன்-14 ஏறத்தாழ 5,730 ஆண்டுகளுக்கு ஒருமுறை பாதியாகக் குறைவதால், சுமார் 50,000 ஆண்டுகளுக்கு முற்பட்ட எதற்கும் அம்முறை உதவாது; லூசியோ ஏறத்தாழ 32 லட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவள். அவள் கிடந்த மண்ணடுக்கை ஒட்டிய எரிமலைச் சாம்பலில், பொட்டாசியம் சிதைந்து உண்டான ஆர்கான் வாயுவை அளந்தே அவளது காலம் கணிக்கப்பட்டது. இதை நான் விளக்கியதும் ஒரு மாணவி, "அப்படியென்றால் எலும்பைச் சோதிக்கவே இல்லையா, டீச்சர்?" என்று கேட்டாள். பலகை எழுப்பியிருக்க வேண்டிய கேள்வி அது.

சுவரோவியம் இதைவிடச் சிக்கலானது. கூன்விழுந்த குரங்கு ஒன்று, தலை பெருக்கப் பெருக்க முதுகு நிமிர்ந்து, கடைசியில் மனிதனாகிறது. அதற்கு முன்னால் நிற்கும் வார்ப்போ வேறு கதை சொல்கிறது: லூசியின் தொடையெலும்பு, நம்முடையதைப் போலவே, முழங்காலை நோக்கி உட்புறம் சாய்ந்திருக்கிறது; இது இரு காலில் நிமிர்ந்து நடப்பவருக்குரிய அமைப்பு. ஆனால் அவளது இனத்தின் மூளை சிம்பன்சியின் மூளையைவிடச் சற்றே பெரியது. நிமிர்ந்த நடை முதலில் வந்தது, பெரிய மூளை வெகுகாலம் கழித்தே வந்தது. தான்சானியாவின் லேட்டோலியில், எரிமலைச் சாம்பலில் பதிந்த, இரு காலில் நடந்தோரின் சுமார் 36 லட்சம் ஆண்டுப் பழமையான காலடித் தடங்களும் இதற்குச் சான்று.

அவ்வோவியத்தில் நமக்கு முந்தைய படியாக, அழிந்துபோன மனித இனத்தாரான நியண்டர்தால் மனிதர் நிற்பதும் தவறு. அவர்கள் நம் முன்னோடிகளின் சமகாலத்தவர். ஆப்பிரிக்காவுக்கு வெளியே வேர்கொண்ட மக்களின் மரபணுவில் சுமார் 2 விழுக்காடு அவர்கள் வழி வந்தது. வரிசையைக் கிளைவிட்ட மரமாக வரைந்தால்தான் உண்மை விளங்கும்.

லூசியின் எலும்புகளில் ஏறத்தாழ 40 விழுக்காடே கிடைத்தன. வார்ப்பில் எஞ்சியவற்றையும் அதே பழுப்பு நிறத்தில் நிரப்பியிருப்பதால், முழு எலும்புக்கூடும் கிடைத்துவிட்டதாகவே மாணவர்கள் எண்ணினர். நிரப்பிய பகுதிகளுக்கு வெளிர்நிறம் பூசினாலே போதும்.

காப்பாட்சியரிடம் ஏற்கெனவே எழுத்துமூலம் தெரிவித்தேன். நிதி ஒதுக்கீடு வந்ததும் பரிசீலிக்கப்படும் எனப் பதில் வந்தது. ஓவியத்துக்கு அது பொருந்தலாம், ஒற்றை வரித் திருத்தத்துக்குப் பொருந்தாது. ஆகவே பலகையை உடனடியாகத் திருத்தவும், ஓவியத்தை மாற்றும்வரை அதனருகே ஒரு விளக்கக் குறிப்பை வைக்கவும் ஆவன செய்யுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
அறிவியல் ஆசிரியை