ஒரே வீட்டில் பிறந்த இரு அமைச்சகங்களுக்கு: திறந்த மடல்

ஒன்றியக் கல்வி அமைச்சர் அவர்களுக்கும் ஒன்றியப் பண்பாட்டு அமைச்சர் அவர்களுக்கும், இரு அமைச்சகங்களின் செயலர்களுக்கும்,

வணக்கம். காஞ்சிபுரம் மாவட்டத்து அரசுப் பள்ளிகளில் சமூக அறிவியல் கற்பித்து ஓய்வு பெற்றவன் நான். இந்த மடலை உங்களில் ஒருவருக்கு மட்டும் எழுத முடியவில்லை. நான் கேட்பதில் பாதி ஒருவர் கையிலும் மறுபாதி மற்றவர் கையிலும் இருக்கிறது. அப்படி ஆனது எப்படி என்ற வரலாற்றை நீங்கள் இருவரும் சேர்ந்து எழுதி, அதற்கான கோப்புகளுடன் மக்கள் முன் வைக்க வேண்டும் என்பதே என் வேண்டுகோள்.

பணியிலிருந்த காலத்தில் ஆண்டுதோறும் மாணவர்களை உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயிலுக்கு அழைத்துச் செல்வேன். முதலாம் பராந்தக சோழன் காலத்தில் 919, 921 ஆகிய ஆண்டுகளில் வெட்டப்பட்ட கல்வெட்டுகள் அந்தச் சுவர்களில் உள்ளன. ஊர் 30 குடும்புகளாக, அதாவது தேர்தலுக்கான பகுதிகளாகப் பிரிக்கப்பட்டதும், தகுதியுள்ளோர் பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்திலிட்டு ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்ததும், முன்பு வாரியம் எனப்பட்ட ஊர்க் குழுவில் இருந்து கணக்குக் காட்டாதவரும் அவருடைய உறவினரும் விலக்கப்பட்டதும் அவற்றில் உள்ள செய்திகள். எங்கள் மாநிலப் பாடநூலில் இது உண்டு. தேசியக் கல்வி ஆராய்ச்சி மற்றும் பயிற்சிக் குழுமம் வெளியிட்ட ஏழாம் வகுப்பு வரலாற்று நூலிலும் இது பல்லாண்டுகள் இடம்பெற்றிருந்தது.

ஒருமுறை, காலை வெயில் சாய்வாக விழுந்து எழுத்துகளின் பள்ளம் தெளிவாகத் தெரிந்த நேரத்தில், ஒரு மாணவி பாடப்புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு, "ஐயா, இந்தப் பத்தி சுவரில் எந்த வரி?" என்று கேட்டாள். மெய்யெழுத்துக்குப் புள்ளி இல்லை, எகர ஒகரங்களில் குறில் நெடில் வேறுபாடு இல்லை, இடையிடையே கிரந்த எழுத்து வேறு. முறையாகக் கல்வெட்டு படிக்கக் கற்காத நான் வெகுநேரம் தேடி, "குடும்பு" என்ற ஒரு சொல்லை மட்டும் காட்டினேன். அவள் சுவரைத் தொடாமல் காற்றில் விரலால் அதை எழுதிப் பார்த்தாள். வரிக்கு வரி படித்துக் காட்டும் ஒரு தாள் கிடைக்குமா என்று பின்னர் ஓர் அலுவலகத்தில் கேட்டேன். பாடம் தொடர்பானது என்றால் கல்வித் துறையில் கேளுங்கள் என்றார்கள். அங்கே கேட்டபோது, கோயில் தொல்லியல் துறையுடையது, அவர்களிடமே கேளுங்கள் என்றார்கள். இரு இடத்திலும் மரியாதையாகவே பேசினார்கள், தாள்தான் கிடைக்கவில்லை. பாடம் கல்வி அமைச்சகத்திலும், தொல்லியல் துறை காக்கும் சுவர் பண்பாட்டு அமைச்சகத்திலும் இருப்பதன் பொருள் எனக்கு அன்றுதான் விளங்கியது. உங்கள் இரு அமைச்சகங்களின் பழைய கதையைத் தேடிப் படிக்கத் தொடங்கியதும் அதற்குப் பிறகுதான்.

அந்தக் கதையில் பிரிவைவிடச் சேர்க்கையே பழையது. உள்துறையின் ஒரு பகுதியாக இருந்த கல்வி, 1910இல் தனித் துறையானது. 1923இல் அது கல்வி, உடல்நலம், நிலம் ஆகிய மூன்றும் சேர்ந்த ஒரே துறையாக விரிந்தது. தொல்லியல் துறையும் இன்றைய தேசிய ஆவணக் காப்பகத்தின் முன்னோடியும் அந்தத் துறையின் பொறுப்பிலேயே இருந்தன. பிள்ளைகளின் பள்ளியையும் முன்னோரின் கல்லையும் ஒரே மேசையில் வைப்பதில் ஆங்கில ஆட்சியாளர்களுக்குக்கூடத் தயக்கம் இருக்கவில்லை.

விடுதலைக்குப் பின் மௌலானா ஆசாத் 1947 முதல் 1958 பிப்ரவரி 22 அன்று மறையும் வரை கல்வி அமைச்சராக இருந்தார். அந்த ஒரே அமைச்சகத்தில் அப்போது நடந்தவற்றை வரிசையாகப் படித்தால் வியப்பாக இருக்கிறது. 1951இல் காரக்பூரில் முதல் இந்தியத் தொழில்நுட்பக் கழகம் தொடங்கப்பட்டது. 1953 ஜனவரியில் சங்கீத நாடக அகாதெமி தொடங்கியது, பிப்ரவரியில் கொல்கத்தா தேசிய நூலகம் மக்களுக்குத் திறக்கப்பட்டது, டிசம்பரில் பல்கலைக்கழக மானியக் குழு தொடக்கம் கண்டது. 1954 மார்ச்சில் சாகித்திய அகாதெமியும் ஆகஸ்டில் லலித் கலா அகாதெமியும் வந்தன. சங்கீத நாடக அகாதெமியின் முதல் தலைவர் சென்னை உயர்நீதிமன்றத் தலைமை நீதிபதியாக இருந்த பி.வி. ராஜமன்னார். லலித் கலா அகாதெமியின் முதல் தலைவரான சிற்பி தேவி பிரசாத் ராய் சௌத்ரி சென்னை ஓவியப் பள்ளியின் முதல்வராக இருந்தவர். இசையும் ஓவியமும் கல்வியைச் சேர்ந்தவையா என்று அன்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை, ஏனெனில் அவை கல்வியாகவே கருதப்பட்டன.

ஆசாத் மறைந்த சில வாரங்களிலேயே முதல் பிரிவு வந்தது. 1958 ஏப்ரலில் அறிவியல் ஆராய்ச்சியும் பண்பாட்டு விவகாரங்களும் சேர்ந்து தனி அமைச்சகமாகி ஹுமாயூன் கபீரின் பொறுப்பில் சென்றன. பின்னர் மீண்டும் இணைந்தன. எழுபதுகளில் கல்வி, சமூக நலம், பண்பாடு ஆகிய மூன்றும் ஒரே பெயர்ப் பலகையில் இருந்தன. எண்பதுகளின் தொடக்கத்தில் "கல்வி மற்றும் பண்பாட்டு அமைச்சகம்" என்ற பெயரிலேயே அரசு வெளியீடுகள் வந்தன. இதற்கிடையில் 42ஆம் அரசியலமைப்புத் திருத்தத்தின்படி, 1977 ஜனவரி 3 முதல் கல்வி மாநிலப் பட்டியலிலிருந்து பொதுப் பட்டியலுக்கு மாற்றப்பட்டது. அது தனியாக எழுத வேண்டிய பெரிய வழக்கு. ஒன்று மட்டும் சொல்கிறேன்: மாநிலங்களிடமிருந்து எடுத்துக்கொண்ட பொறுப்பை ஒருங்கே வைத்திருக்கும் கடமையும் அன்றே ஒன்றிய அரசுக்கு வந்துவிட்டது.

1985 செப்டம்பரில் பி.வி. நரசிம்ம ராவை அமைச்சராகக் கொண்டு மனிதவள மேம்பாட்டு அமைச்சகம் உருவானது. கல்வி, பண்பாடு, இளைஞர் நலன், விளையாட்டு, மகளிர் நலன் யாவும் அதன் துறைகளாயின. மாணவரை "வளம்" என்று அழைக்கும் அந்தப் பெயரை என்னால் மனத்தளவில் ஏற்க முடிந்ததில்லை. ஆயினும் அந்தக் கூரையின் கீழ் பண்பாடு கல்வியின் பக்கத்து அறையில் இருந்தது. 1999இல் அந்த அறை தனி வீடாயிற்று. சில ஆண்டுகள் பண்பாடு சுற்றுலாவோடு சேர்ந்திருந்தது. அந்தச் சேர்க்கையை நினைத்தால் எனக்கு இன்றும் வருத்தமாக இருக்கிறது. மாணவருக்குரிய கோயில் பயணிக்குரிய கோயிலாகப் பார்க்கப்பட்ட காலம் அது. 2020இல் மனிதவளம் என்ற பெயர் நீங்கிக் கல்வி அமைச்சகம் என்ற பழைய பெயர் திரும்பியது. அதே நாளில் அமைச்சரவை ஏற்ற தேசியக் கல்விக் கொள்கையில் மொழி, கலை, பண்பாட்டுக்கென்றே ஓர் அத்தியாயம் உண்டு. அத்தியாயம் திரும்பி வந்தபோதும் துறை திரும்பி வரவில்லை.

இதன் விளைவை மைசூருவில் கண்ணாரக் காணலாம். தொல்லியல் துறையின் கல்வெட்டுப் பிரிவு 1966 முதல் அங்கே இருக்கிறது. நனைத்த தாளைக் கல்லில் ஒட்டித் தூரிகையால் தட்டி, மை ஒற்றி எடுத்த தமிழ்க் கல்வெட்டுகளின் மைப்படிகள் பல்லாண்டுகளாக அங்கேதான் வைக்கப்பட்டிருந்தன. 1969இல் தொடங்கிய இந்திய மொழிகளின் நடுவண் நிறுவனமும் அதே ஊரில்தான் இருக்கிறது. முன்னது பண்பாட்டு அமைச்சகத்தைச் சார்ந்தது, பின்னது கல்வி அமைச்சகத்தைச் சார்ந்தது. தமிழ் மைப்படிகளைச் சென்னைக்கு மாற்ற 2021இல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை ஆணையிட வேண்டியிருந்தது. அவற்றைப் படித்து ஆராயவேண்டிய செம்மொழித் தமிழாய்வு மத்திய நிறுவனம் சென்னையில், கல்வி அமைச்சகத்தின் கீழ் இருக்கிறது. பள்ளி ஆசிரியர்களுக்குப் பண்பாட்டுப் பயிற்சி தருவதற்கென்றே 1979இல் தொடங்கப்பட்ட பண்பாட்டு வளங்கள் மற்றும் பயிற்சி மையமோ பண்பாட்டு அமைச்சகத்தில் உள்ளது. ஆசிரியர் கல்வியின் பக்கம், பயிற்சி பண்பாட்டின் பக்கம்.

இரு அமைச்சகங்களையும் மீண்டும் ஒன்றாக்குங்கள் என்று நான் கேட்கவில்லை. பெரிய அமைச்சகத்தில் பண்பாடு கடைசி இருக்கைக்குத் தள்ளப்படும் என்று அஞ்சுவோரின் வாதத்திலும் நியாயம் இருக்கிறது. ஆனால் 1958இலும் 1985இலும் 1999இலும் எந்தக் காரணத்துக்காக எது எங்கே சென்றது, அப்போது யார் என்ன எச்சரித்தார்கள், பிரிக்கும்போது இணைப்புக்கென ஏதேனும் ஏற்பாடு பேசப்பட்டதா என்பவை கோப்புகளில் இருக்கவேண்டும். 1993ஆம் ஆண்டின் பொது ஆவணச் சட்டப்படி, நிலையாகக் காக்கத்தக்க ஆவணங்கள் 25 ஆண்டுகளுக்குப் பின் தேசிய ஆவணக் காப்பகத்துக்குச் செல்லவேண்டும். 1999ஆம் ஆண்டுக் கோப்புகளுக்கு 2024லேயே அந்தக் காலம் நிறைந்துவிட்டது. அந்தக் காப்பகம் பண்பாட்டு அமைச்சகத்தில் இருக்கிறது, கோப்புகளில் பெரும்பகுதி கல்வி அமைச்சகத்தில் பிறந்தவை. ஆகவே இந்த ஒரு வேலையையாவது நீங்கள் இருவரும் சேர்ந்துதான் செய்யமுடியும். கோப்புகளை ஒப்படைத்து, பட்டியலிட்டு, வரலாற்றாசிரியர்கள் குழு ஒன்றைக் கொண்டு இரு அமைச்சகங்களுக்கும் பொதுவான வரலாற்றை எழுதச் செய்து, தமிழ் உள்ளிட்ட எல்லா மொழிகளிலும் வெளியிடுங்கள்.

அந்தப் பணி முடியும் வரை காத்திராமல் செய்யக்கூடிய சிறு வேலை ஒன்றும் உண்டு. உத்திரமேரூர்க் கல்வெட்டின் வரிவடிவம், இன்றைய எழுத்தில் அதன் பாடம், எளிய உரை ஆகிய மூன்றையும் அடுத்தடுத்துக் காட்டும் ஒரு தாளை இரு அமைச்சகங்களும் சேர்ந்து அச்சிட்டு, கோயில் வாயிலிலும் பள்ளிகளிலும் கிடைக்கச் செய்யுங்கள். சுவர் எண்ணும் வரி எண்ணும் அதில் இருக்கட்டும். அந்த மாணவி இன்று ஆசிரியப் பணியில் இருக்கிறாள். தன் வகுப்பை அங்கே அழைத்துச் செல்லப்போவதாக அண்மையில் சொன்னாள். தாள் வந்ததும் முதல் படியை அவளிடம் கொண்டுபோய்க் கொடுக்க விரும்புகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சமூக அறிவியல் ஆசிரியர் ஒருவர்,
காஞ்சிபுரம் மாவட்டம்