எஸ்மாவின் கைகள்

அன்புள்ள மிர்யானா கரனோவிச் அவர்களுக்கு,

வணக்கம். நீங்கள் எஸ்மா என்ற தாயாக நடித்த ‘கிர்பவிட்சா’ படத்தைப் பார்த்த அன்றிரவே எழுதியிருக்க வேண்டிய கடிதம் இது. அன்று எனக்கு வார்த்தை வரவில்லை.

தாயும் மகளும் வீட்டில் கட்டிப்புரண்டு விளையாடுகிறார்கள். ஒரே சிரிப்பு. மகள் சாரா உங்கள் கைகள் இரண்டையும் அழுத்திப் பிடித்துக்கொள்கிறாள். அவ்வளவுதான், உங்கள் முகம் மாறிவிடுகிறது. மகளை உதறிவிட்டு எழுகிறீர்கள். 1990களின் பொஸ்னியப் போர் என்ற பேச்சே அங்கு எழவில்லை. எஸ்மா எதை இத்தனை ஆண்டுகள் மூடி வைத்திருக்கிறாள் என்று அந்தக் கைகளைப் பார்த்தே தெரிந்துகொண்டேன்.

பள்ளிச் சுற்றுலாவுக்குப் பணம் கட்ட வேண்டும். போரில் உயிர்நீத்தவரின் பிள்ளை என்று சான்றிதழ் கொடுத்தால் சலுகை உண்டு. எஸ்மா அதைக் கொண்டுவர மாட்டாள், கடன் கேட்டு அலைவாள். சாராவின் தந்தை தியாகி அல்லர், முகாமில் அவளைச் சிதைத்தவர்களில் ஒருவன்.

நீங்களோ 1957இல் செர்பியத் தலைநகர் பெல்கிரேடில் பிறந்தவர். போரில் பொஸ்னியத் தலைநகர் சரயேவோ முற்றுகையிடப்பட்டபோது செர்பியப் படைகளின் பிடியில் இருந்த பகுதி கிர்பவிட்சா. அங்கு வாழும் பொஸ்னிய முஸ்லிம் தாயாக நடிக்க நீங்கள் ஒப்புக்கொண்டீர்கள். 2003இலேயே ‘சாட்சிகள்’ என்ற குரோயேஷியப் படத்தில் நடித்திருந்தீர்கள். போருக்குப் பிறகு அந்நாட்டுப் படத்தில் நடித்த முதல் செர்பிய நடிகை நீங்கள்தான். 2006இல் ‘கிர்பவிட்சா’ பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது வென்றது. இயக்குநர் யாஸ்மிலா ஸ்பானிச்சைக் கொண்டாடியவர்கள் உங்களையும் அதே மூச்சில் சொல்லியிருக்க வேண்டும் என்பது என் ஆதங்கம்.

அந்த ஆதங்கம் பழையது. 1985இல் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை விருது வென்ற ‘அப்பா வெளியூர் போயிருந்தபோது’ படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் இயக்குநர் குஸ்துரிட்சாவோடு நிறுத்திக்கொள்கிறார்கள். அதில் நீங்கள் சேனா. ஒரு கேலிச்சித்திரத்தைப் பற்றி ஏதோ சொன்னதற்காகச் சேனாவின் கணவன் கட்டாய உழைப்புக்கு அனுப்பப்படுகிறான். அனுப்பியவன் சேனாவின் கூடப்பிறந்தவன். அந்த வீட்டில் இரண்டு பையன்களை வைத்துக்கொண்டு நாளை ஓட்டும் சேனா இல்லையென்றால் அந்தப் படம் ஏது? அதற்கும் முன்பு, 1980இல், வேறொரு படத்தில் சுரங்கக் கிராமத்தின் எழுத்தறியாத பெட்ரியாவாக வந்தீர்கள். அப்போது உங்களுக்கு இருபத்து மூன்று வயது. ஒரு பெண்ணின் ஆயுள் முழுவதையும் அந்த வயதில் எப்படிச் சுமந்தீர்களோ, எனக்கு இன்றும் வியப்புதான்.

பிறகு 2016இல் நீங்களே இயக்கிய ‘நல்ல மனைவி’ படம். அதில் நீங்கள் மிலேனா. கணவன் போரில் செய்த கொலைகள் பதிவான ஒரு வீடியோ கேசட் மிலேனாவின் கையில் சிக்குகிறது. எஸ்மாவாக நடித்த அதே உடம்போடு, இந்த முறை குற்றம் செய்தவர்களின் தரப்பில் உள்ள வீட்டுக்குள் போய் நின்றீர்கள். உங்களை யாரும் போகச் சொல்லவில்லை.

‘கிர்பவிட்சா’வின் கடைசியில் பஸ் புறப்படுகிறது. உண்மை தெரிந்து தலையை மழித்துக்கொண்ட சாரா, ஜன்னல் வழியே உங்களுக்குக் கை காட்டுகிறாள். அந்தக் காட்சிக்காகவே படத்தை மூன்று முறை பார்த்துவிட்டேன், அம்மா.

அன்புடன்,
உங்கள் ரசிகை